ஆல் ரைனர்ட் 'ஃபார் ஆல் மேன்கைன்ட்' எடுத்தது எப்படி? நாசா பழைய ஃபிலிமை வைத்து வேலை செய்தவர்கள் விளக்க முடியுமா?

நிலாமுற்றம் (கேள்வி)

ஆல் ரைனர்ட் பற்றித் தமிழில் தேடினால் ஒன்றும் அகப்படவில்லை. 'அப்பல்லோ 13' என்றதும் ரான் ஹோவார்டு, டாம் ஹாங்க்ஸ் என்று பேசுகிறோம். அதன் திரைக்கதையை எழுதிய இருவரில் ஒருவர் ரைனர்ட் என்பது பலருக்குத் தெரியாது. அதற்கு ஆறு வருடம் முன்பே, 1989-ல், அப்பல்லோ நிலவுப் பயணங்களைப் பற்றிய 'ஃபார் ஆல் மேன்கைன்ட்' ஆவணப்படத்தை இயக்கியவரும் அவர்தான்.

எனக்குப் புரியாதவை இவை. விண்வெளி வீரர்கள் 16 மி.மீ.யில் எடுத்த காட்சிகளைத் தியேட்டர் திரைக்கு எப்படிக் கொண்டுவந்தார்? பல பயணங்களை ஒரே பயணம்போல் ஒட்டியது ஆவணப்படத்துக்கு அடுக்குமா? ஒரு பத்திரிகைக்காரர் அங்கிருந்து ஹாலிவுட் திரைக்கதைக்கு எதைக் கையில் எடுத்துக்கொண்டு போனார்? கடைசியாக, அதே நாசா காட்சிகளை வைத்து இன்று 20 நிமிடப் படம் ஒன்று செய்ய நினைப்பவர் எங்கே தொடங்க வேண்டும், எங்கே சறுக்கும்?

பிலிம்பெட்டி

முதலில் அவருடைய பாதை. ரைனர்ட் டெக்சஸ் பத்திரிகையாளர். 'ஹூஸ்டன் கிரானிக்கிள்', 'டெக்சஸ் மன்த்லி' இரண்டிலும் எழுதியவர். ஹூஸ்டன்காரருக்கு நாசாவின் ஜான்சன் விண்வெளி மையம் உள்ளூர்ச் செய்திதானே. நிலவுக்குப் போனவர்கள் எடுத்த ஃபிலிம் மலைபோல் அங்கே பெட்டகத்தில் கிடப்பதும், மக்கள் பார்த்ததெல்லாம் டிவி செய்திக்காக வெட்டிக் கொடுத்த அதே சில துண்டுகள்தான் என்பதும் அந்த வேலையில்தான் அவருக்குத் தெரியவந்தது. படத்தின் மூல எண்ணமே அவ்வளவுதான்: இருப்பதைப் பெரிய திரையில் காட்ட வேண்டும்.

அளவைப் பாருங்கள். அலசிய ஃபிலிம் சுமார் 60 லட்சம் அடி. எல்லாம் 16 மி.மீ., நொடிக்கு 24 ஃபிரேம் என்று வைத்துக்கொண்டால் நிமிடத்துக்கு 36 அடி. அந்தக் கணக்கில் 2,700 மணி நேரத்துக்கு மேல் வரும். பேட்டி சுமார் 80 மணி நேரம். முடிந்த படம் 80 நிமிடம்.

படத்தில் 13 வீரர்களின் குரல் வருகிறது. அதில் அப்பல்லோ 13-ல் பறந்த ஜாக் ஸ்வைகர்ட்டும் ஒருவர். அவர் 1982 டிசம்பரில் இறந்துவிட்டார். படம் வந்தது 1989-ல். அப்படியானால் பேட்டிகள் எவ்வளவு முன்னாலேயே தொடங்கியிருக்க வேண்டும் என்று பாருங்கள். ஆவணப்படத்தில் வேலை வரிசை இதுதான்: ஆட்கள் இருக்கும்போதே குரலைப் பிடித்துவிட வேண்டும். ஃபிலிம் பெட்டகத்தில் காத்திருக்கும், ஆள் காத்திருக்க மாட்டார்.

பேசுபவர் முகத்தைப் படம் ஒரு இடத்திலும் காட்டுவதில்லை. பேர்கூடப் போடுவதில்லை. அழகுக்காக மட்டும் செய்ததாக எனக்குத் தோன்றவில்லை, வேலைக்கும் அது உதவும். முகம் இல்லாத பேட்டியை நடுவில் எங்கே வெட்டினாலும் தையல் தெரியாது. அப்பல்லோ 17 வீரர் சொன்ன வாக்கியத்தை அப்பல்லோ 12 காட்சி மேல் வைக்கலாம். முகம் காட்டினால் அந்தச் சுதந்திரம் போய்விடும்.

பலருக்குத் தெரியாதது ஒன்று: முதல் வடிவத்தில் அந்தக் குரல்களே கிடையாது. படத்தின் பெயரும் 'அப்பல்லோ'. காட்சியும் பிரையன் ஈனோவின் இசையும் மட்டும். ஈனோ, டேனியல் லான்வா, ரோஜர் ஈனோ மூவரும் சேர்ந்து செய்த அந்த இசை 1983-லேயே ஆல்பமாக வந்துவிட்டது. வீரர்கள் கேசட்டில் கொண்டுபோனவற்றில் பெரும்பாலும் கன்ட்ரி பாட்டு என்று கேள்விப்பட்டுத்தான் ஈனோ அதில் ஸ்டீல் கிதாரைச் சேர்த்தார். படம் சில ஊர்களில் ஓடியது, பார்த்தவர்களிடம் பெரிய வரவேற்பு இல்லை. திரும்ப எடிட் மேசைக்குப் போனார்கள். குரல்கள் ஏறின, இசையில் சில துண்டுகள் வெளியே போயின. எடிட்டர் சூசன் கோர்டா. அந்த வடிவம்தான் 1989 சண்டான்ஸ் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் முதல் பரிசையும் பார்வையாளர் பரிசையும் சேர்த்து வாங்கியது. ஆஸ்கார் பரிந்துரையும் கிடைத்தது.

இசைக்காகவே அந்த ஆல்பத்தைக் கேட்பவர்கள் இன்றும் உண்டு. ஆனால் படத்தைக் காப்பாற்றியது குரல்கள்தான்.

அச்சுமை

16 மி.மீ.யிலிருந்து தியேட்டரின் 35 மி.மீ.க்குப் போனதைப் பற்றி.

விண்கலத்தில் இருந்தது மாரர் கம்பெனியின் 16 மி.மீ. கேமரா, நாசா மொழியில் 'டேட்டா அக்விசிஷன் கேமரா'. 5, 10, 18, 75 மி.மீ. லென்ஸ்கள். நொடிக்கு 1, 6, 12, 24 என்று வேகத்தை மாற்றலாம். மேகசின் (கேமராவில் மாட்டும் ஃபிலிம் பெட்டி) ஒன்றுக்கு 140 அடி. 16 மி.மீ.யில் அடிக்கு 40 ஃபிரேம், ஆக 5,600 ஃபிரேம். 24-ல் ஓட்டினால் நாலு நிமிடம்கூட வராது. 12-ல் ஏழே முக்கால் நிமிடம், 6-ல் பதினைந்தரை நிமிடம், 1-ல் ஒன்றரை மணி நேரம்.

அப்பல்லோ 11 இறங்கிய காட்சி ஏன் 6-ல் எடுக்கப்பட்டது என்பது இந்தக் கணக்கிலேயே தெரிந்துவிடும். இறங்கும் எஞ்சின் எரிந்தது சுமார் பன்னிரண்டரை நிமிடம். 6-ல் ஓட்டினால் மொத்தமும் ஒரே மேகசினில் அடங்கும், நடுவில் யாரும் மேகசின் மாற்ற வேண்டாம். 12-ல் வைத்திருந்தால் தரை தொடும் முன்பே ஃபிலிம் தீர்ந்திருக்கும்.

இதைத் தியேட்டர் வேகத்துக்குக் கொண்டுவர ஆப்டிகல் பிரிண்டரில் (ஃபிலிமை ஃபிரேம் ஃபிரேமாகப் பிரதி எடுக்கும் மெஷின்) 6-ஐ ஒவ்வொரு ஃபிரேமும் நான்கு தடவை, 12-ஐ இரண்டு தடவை பதிக்க வேண்டும். அப்படிச் செய்யாமல் நேரே ஓட்டினால் நான்கு மடங்கு வேகத்தில் ஓடும். யூடியூபில் இறங்கும் காட்சி விர்ரென்று போவது பெரும்பாலும் இதனால்தான். 1-ல் எடுத்ததை நீட்ட முயலவே வேண்டாம், ஸ்லைடு ஷோ ஆகிவிடும். வேகமாகவே விடுங்கள்.

அளவு: 16 மி.மீ. ஃபிரேம் 10.26 × 7.49 மி.மீ. 35 மி.மீ. அகாடமி ஃபிரேம் ஏறக்குறைய 22 × 16. நீளத்தில் இரண்டு மடங்குக்குச் சற்று மேல், பரப்பில் நாலரை மடங்கு. படம் மட்டுமா பெரிதாகும்? கீறலும் தூசியும் ஃபிலிமின் கிரெயினும் (பொடிப் புள்ளிகள்) அதே அளவு பெருக்கும். கீறலுக்கு வெட் கேட்: ஃபிலிமின் ஒளிவிலகல் எண்ணுக்கு நெருக்கமான திரவத்தில் (வழக்கமாகப் பெர்குளோரோஎத்திலீன்) ஃபிலிமை நனைத்தபடி பிரதி எடுப்பது. அடிப்பக்கக் கீறல் அதில் நிரம்பி மறையும். படம் பதிந்த பூச்சான எமல்ஷன்வரை வெட்டிய கீறல் மறையாது.

அடுத்த தலைவலி கான்ட்ராஸ்ட். வீரர்கள் எடுத்தது ரிவர்சல் ஃபிலிம், அதாவது நேரடி பாசிட்டிவ். அதிலேயே கான்ட்ராஸ்ட் அதிகம். நிலவில் நிழல் கன்னங்கரேல் என்றிருக்கும், விண்வெளி உடை வெள்ளைவெளேர் என்றிருக்கும். இன்டர்நெகட்டிவ் (பிரதிக்காக இடையில் எடுக்கும் நெகட்டிவ்), அதிலிருந்து பாசிட்டிவ் என்று பிரதியின் ஒவ்வொரு தலைமுறையிலும் கருப்பு இறுகும், வெள்ளை வெந்துபோகும். அதனால் மென்மையான இன்டர்நெகட்டிவ் ஸ்டாக்கில், எத்தனை தலைமுறை குறைக்க முடியுமோ அத்தனை குறைத்துச் செய்ய வேண்டும். டிவிக்காகப் பிரதியின் பிரதியாகச் சுற்றியதைத் தொடாமல் நாசா பெட்டகத்து ஃபிலிமிலிருந்தே ஊதிப் பெருக்கியதுதான் ரைனர்ட் படத்தின் பளிச்சுக்குக் காரணம். மந்திரம் ஒன்றும் இல்லை.

இன்று ஏஐ மென்பொருளில் 6-ஐ 24 ஆக்குகிறார்கள். மலை, பள்ளம் எல்லாம் வழுவழுவென்று வரும். கடைசி முப்பது மீட்டரில் தூசி பறக்கிறதே, அங்கே தோற்கும்: தூசி கீற்றுக் கீற்றாகத் தரையோடு பிசைந்துவிடும். ஜன்னல் விளிம்பும் நெளியும். அந்தப் பகுதிக்கு நான்கு தடவைப் பதிப்பே நல்லது. கண் இரண்டு நிமிடத்தில் பழகிவிடும்.

சரித்திரப்புலி

மேலே எல்லாரும் புகழ்ந்தாச்சு. ஒட்டுப்போட்டது பற்றி நான் கேட்கிறேன். ஒருவர் ராக்கெட்டில் ஏறுகிறார், வேறொருவர் நிலவில் இறங்குகிறார், மூன்றாமவர் கடலில் விழுகிறார், பேரும் போடுவதில்லை. தெரியாதவர் பார்த்தால் எல்லாம் அப்பல்லோ 11 என்றுதான் நினைப்பார். இதை ஆவணம் என்பதா?

கண்ணால் பிரித்தறிய இரண்டு அடையாளம் சொல்கிறேன். உடையில் சிவப்புப் பட்டை தெரிந்தால் அது கமாண்டர். அந்தப் பட்டை நிலவில் முதலில் தெரிந்தது அப்பல்லோ 14-ல். ரோவர் வண்டி இருந்தால் 15, 16, 17-ல் ஒன்று. அதேபோல் எந்த அப்பல்லோ ஆவணப்படத்திலும் ராக்கெட்டின் நடு வளையம் தீப்பிடித்துக் கழன்று விழுவதை மேலிருந்து பார்க்கும் அந்தப் புகழ்பெற்ற ஷாட் வந்தால், ஆளில்லாமல் போன சாட்டர்ன் 5 சோதனைகளை நினையுங்கள்: 1967 நவம்பரில் அப்பல்லோ 4, 1968 ஏப்ரலில் அப்பல்லோ 6. கேமராப் பெட்டி பாராசூட்டில் கடலில் விழும், எடுத்துவருவார்கள். ஆள் போன எந்த சாட்டர்ன் 5-லும் அந்தக் கேமரா கிடையாது. 'நீல் ஆர்ம்ஸ்ட்ராங் பயணம்' என்று அதைப் போடுவது பொய்.

பிலிம்பெட்டி

புலி அண்ணே, கேள்வி நியாயம். ஆனால் எந்த ஒரு பயணத்திலும் முழுக் கதைக்கு வேண்டிய காட்சி கிடையாது என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். அப்பல்லோ 8-ல் இறங்குகலமே இல்லை. 12-ல் ஆலன் பீன் கலர் டிவி கேமராவைச் சூரியன் பக்கம் திருப்பிவிட்டதில் அது போயே போச்சு; அதற்குப் பிறகு தரையில் நடந்ததற்கு நேரலையே இல்லை. 13 இறங்கவில்லை. நிலவிலிருந்து கலம் கிளம்புவதை வெளியிலிருந்து பார்க்க ரோவர் கேமரா வேண்டும். 15-லும் 16-லும் சரியாகப் பின்தொடர முடியவில்லை, 17-ல்தான் எட் ஃபென்டெல் ஹூஸ்டனில் இருந்தபடி சிக்னல் தாமதத்தைக் கணக்கிட்டு முன்கூட்டியே கட்டளை அனுப்பி மேலே திருப்பினார்.

பேர் வேண்டும் என்பவர்களுக்கு க்ரைட்டீரியன் நிறுவனத்தின் டிஸ்க் வெளியீட்டில் ஒரு வசதி உண்டு: திரையில் யார், எவர் என்று காட்டும் வரிகளை விருப்பப்பட்டால் போட்டுக்கொள்ளலாம். என் கட்சி: ஒட்டுப்போடலாம், ஆனால் ஒட்டியதை மறைக்கக் கூடாது.

2019-ல் டாட் டக்ளஸ் மில்லர் ஒரே பயணத்தை வைத்து 'அப்பல்லோ 11' எடுத்தார். அதற்கு அமெரிக்கத் தேசிய ஆவணக் காப்பகத்திலிருந்து பெரிய ஃபார்மட் ஃபிலிம் கிடைத்தது, கூடவே சுமார் 11,000 மணி நேர ஒலி. அந்த ஒலி 30 டிராக் நாடாவில் இருந்தது. ஓட்டும் பழைய மெஷின் ஒரு நேரத்தில் ஒரு டிராக்கைத்தான் படிக்கும். டெக்சஸ் பல்கலைக்கழகத்தின் டாலஸ் குழு அதை 30-ஐயும் ஒன்றாகப் படிக்கும்படி மாற்றிய பிறகே டிஜிட்டலாக்க முடிந்தது. எண்பதுகளில் ரைனர்ட்டுக்கு அந்த வழி இல்லை.

சரித்திரப்புலி

அது சரி. 13 காட்சி இல்லை, 12 கேமரா எரிந்தது, எல்லாம் ஒப்புக்கொள்கிறேன். கடைசி டைட்டிலில் ஒரு வரி போட்டிருந்தால் என் வாய் அடைத்திருக்கும்.

வசனம்வாசன்

திரைக்கதைப் பக்கம் வருவோம். கூட எழுதிய வில்லியம் பிராய்ல்ஸ் ஜூனியர் யார் என்றால், 'டெக்சஸ் மன்த்லி'யின் முதல் ஆசிரியர். பத்திரிகை ஆபீஸ் நட்புதான் ஹாலிவுட்வரை போயிருக்கிறது. மூலம், அப்பல்லோ 13 கமாண்டர் ஜிம் லவல் ஜெஃப்ரி க்ளூகரோடு சேர்ந்து எழுதி 1994-ல் வந்த 'லாஸ்ட் மூன்'. படம் 1995-ல். ரைனர்ட் கையில் ஏற்கெனவே லவல், ஸ்வைகர்ட், கடைசி நேரத்தில் அந்தப் பயணத்திலிருந்து நீக்கப்பட்ட மாட்டிங்லி மூவரின் பேட்டியும் இருந்தது. இதைவிட என்ன முதலீடு வேண்டும்?

அவர்கள் வேலை செய்த விதத்துக்கு ஒரு சான்று. கட்டுப்பாட்டறையில் பாதை கணிக்கும் பொறுப்பில் இருந்த ஜெரி பாஸ்டிக்கை இருவரும் பேட்டி எடுத்தார்கள். பதறிப்போன தருணம் ஏதாவது உண்டா என்று கேட்டதற்கு, இல்லை, இருக்கும் வழிகளை எல்லாம் அமைதியாக வரிசைப்படுத்துவோம், தோற்பது அதில் ஒரு வழியாக இருக்கவில்லை என்ற பொருளில் அவர் பதில் சொன்னார். அதுதான் படத்தில் ஃப்ளைட் டைரக்டர் (கட்டுப்பாட்டறைத் தலைவர்) ஜீன் கிரான்ஸ் பேசும் வசனமானது. கிரான்ஸ் சம்பவத்தின்போது அதைச் சொன்னதில்லை. ஆனால் 2000-ல் வந்த தன் நூலுக்கு அதையே தலைப்பாக வைத்தார்! எழுதுபவர்கள் கவனிக்க வேண்டியது, அவர்கள் 'நல்ல வசனம் சொல்லுங்க' என்று கேட்கவில்லை. நடைமுறையைக் கேட்டார்கள், வசனம் தானாக விழுந்தது.

எதைச் சுருக்கினார்கள்? நடுவழியில் கலத்தின் ஆக்சிஜன் டாங்க் வெடித்ததிலிருந்து கடலில் விழும்வரை 87 மணி நேரம். நான்கு ஃப்ளைட் டைரக்டர்கள் முறை வைத்து உழைத்தார்கள்: கிரான்ஸ், க்ளின் லன்னி, ஜெரி கிரிஃபின், மில்ட் விண்ட்லர். படம் பெரும்பாலும் கிரான்ஸ் ஒருவர் தோளிலேயே ஏற்றிவிட்டது. வெடித்த பிறகு அடுத்த முறைக்கு வந்து இறங்குகலத்துக்கு எல்லாரையும் மாற்றி உயிரைக் காத்த லன்னிக்கு அதில் இடமே இல்லாத மாதிரி ஆகிவிட்டது. எனக்கு இதுதான் பெரிய குறை. மின்சாரம் மிச்சப்படுத்திக் கலத்தை மறுபடி உயிர்ப்பிக்கும் வரிசையை உருவாக்கியதில் கட்டுப்பாட்டறைப் பொறியாளர் ஜான் ஆரனும் பெரிய குழுவும் இருந்தார்கள். படத்தில் மாட்டிங்லிதான் சிமுலேட்டரில் உட்கார்ந்து முடிப்பார். கலத்துக்குள் ஸ்வைகர்ட்டும் சக வீரர் ஹெய்ஸும் சண்டை போடுவது முழுக் கற்பனை.

சுருக்காமல் விட்ட இடம், கலத்துக் காற்றிலிருந்து கரியமில வாயுவை உறிஞ்சும் லித்தியம் ஹைட்ராக்சைடு டப்பா. தாய்க்கலத்தில் சதுரம், இறங்குகலத்தில் வட்டம். பிளாஸ்டிக் பை, அட்டை, விண்வெளி உடையின் குழாய், டேப் ஆகியவற்றால் இணைத்தது அப்படியே உண்மை. எந்தப் பார்வையாளருக்கும் ஒரே ஷாட்டில் புரியும் பிரச்சினை அது. அதனால் நேரம் கொடுத்தார்கள். ஆனால் வெடிப்புக்கு மூல காரணத்தைப் படம் ஒரே மூச்சில் கடந்துவிடும். ஆக்சிஜன் டாங்கில் இருந்த 28 வோல்ட்டுக்கான தெர்மோஸ்டாட் சுவிட்சில் தரைச் சோதனையின்போது 65 வோல்ட் பாய்ந்தது, சுவிட்ச் ஒட்டிக்கொண்டது, ஹீட்டர் எட்டு மணி நேரம் அணையாமல் எரிந்தது, உள்ளே டெஃப்லான் உறை வெந்தது. வெப்பமானி 80 ஃபாரன்ஹீட்டுக்கு மேல் காட்டாது. உள்ளே ஆயிரம் டிகிரிவரை போயிருக்கலாம் என்பது விசாரணையின் கணிப்பு. இது பயணத்துக்கு முன்பே நடந்தது, திரையில் காட்டினால் முதல் அரை மணி நேரத்திலேயே கதை உடைந்துவிடும்.

எடையின்மைக் காட்சிகளை நாசாவின் கேசி-135 விமானத்தில் எடுத்தார்கள். 612 தடவை மேலேறிக் கவிழ்ந்து, ஒவ்வொன்றும் 23 நொடி அளவில், மொத்தம் 3 மணி 54 நிமிடம். எழுதுபவர் இதில் கவனிக்க வேண்டியது: மிதக்கும் ஷாட்டில் எந்த வசனமும் 20 நொடியைத் தாண்ட முடியாது. நெருக்கக் காட்சிகளைத் தரையில் செட்டில் எடுத்தார்கள்.

ஒரு வேடிக்கை பாருங்கள். பத்து வருடம் பெட்டகத்தில் புதைந்து கிடந்த மனிதர் எழுதிய படத்தில், ராக்கெட் கிளம்புவதுகூடப் பழைய ஃபிலிம் இல்லை. எல்லாமே மாடலும் கணினியும்.

அந்தத் திரைக்கதைக்கு ஆஸ்கார் பரிந்துரை வந்தது, விருது இல்லை. 2001-ல் 'ஃபைனல் ஃபேன்டசி' அனிமேஷனுக்கு இணைந்து எழுதினார், வசூலில் படுத்துவிட்டது. 2013-ல், செய்யாத கொலைக்காக ஏறக்குறைய 25 வருடம் டெக்சஸ் சிறையில் இருந்த மைக்கேல் மார்ட்டன் பற்றிய ஆவணப்படத்தை இயக்கினார். 2018 டிசம்பர் 31 அன்று காலமானார்.

நிலாமுற்றம்

எல்லாருக்கும் நன்றி. இனி நடைமுறை: காட்சிகளைக் காசில்லாமல் எடுக்கலாமா? இஸ்ரோ காட்சியும் கலந்தால்? ஒலியையும் படத்தையும் எப்படிச் சேர்ப்பது?

ஒத்திசைவு

உரிமை: நாசா எடுத்தவற்றுக்குப் பொதுவாக அமெரிக்காவில் காப்புரிமை இல்லை. ஆனால் நாசா சின்னத்தை இஷ்டத்துக்குப் பயன்படுத்த முடியாது. அவர்கள் உங்கள் படத்தை ஆதரிப்பதுபோல் காட்டக் கூடாது. அடையாளம் தெரியும் ஆட்களை விளம்பரத்துக்குப் பயன்படுத்தினால் தனி அனுமதி. பெரிய கண்ணி வேறு: நாசா தொகுப்புக்குள்ளேயே டிவி நிறுவனங்களின் துண்டும் இசையும் கலந்திருக்கும். அவை நாசாவுடையவை இல்லை. செய்தி வாசிப்பாளர் முகம் தெரிந்தாலோ பின்னணி இசை கேட்டாலோ விட்டுவிடுங்கள்.

இஸ்ரோ அப்படி இல்லை. நம் 1957 காப்புரிமைச் சட்டப்படி அரசுப் படைப்புக்கு வெளியானதிலிருந்து 60 வருட உரிமை. எழுத்தில் அனுமதி வாங்காமல் டைம்லைனில் வைக்காதீர்கள். எடிட் முடிந்தபின் கேட்டுக்கொள்ளலாம் என்றால் நடுப்பகுதி மொத்தமும் பறிபோகும்.

சேர்ப்பது: எடிட்டைத் திறக்கும் முன் ஒரு பட்டியல். ஷாட் ஒவ்வொன்றுக்கும் பயணம், மேகசின் எண், எடுத்த வேகம், ஜி.இ.டி. (ராக்கெட் கிளம்பியதிலிருந்து ஓடும் நேரம்), எங்கிருந்து எடுத்தது. கேமராவில் ஒலி கிடையாது என்பதால் ஜி.இ.டி. ஒன்றுதான் படத்தையும் பேச்சையும் கட்டும் கயிறு. 'அப்பல்லோ லூனார் சர்ஃபேஸ் ஜர்னல்', 'அப்பல்லோ ஃப்ளைட் ஜர்னல்' இரண்டிலும் திருத்திய எழுத்து வடிவம் நேரத்தோடு இருக்கிறது. நாசா அப்போதே தட்டச்சு செய்த பிரதியில் பேர்களும் சொற்களும் அங்கங்கே தப்பு.

அப்பல்லோ 14 நாற்பது நிமிடம் தாமதமாகவும், 17 இரண்டு மணி நாற்பது நிமிடம் தாமதமாகவும் கிளம்பின. திட்டத்தோடு ஒத்துப்போக நடுவழியில் கடிகாரத்தையே முன்னால் தள்ளினார்கள். ஒரு பட்டியல் தள்ளாத நேரத்தையும் இன்னொன்று தள்ளிய நேரத்தையும் சொன்னால் உங்கள் ஒலி சரியாக அத்தனை நிமிடம் பிசகும். பிசகு 40 நிமிடமாகவோ 160 நிமிடமாகவோ இருந்தால் வேறெங்கும் தேடாதீர்கள்.

வீரர்கள் நிலவில் இருக்கும்போது ஹூஸ்டனில் பதிந்த ஒலியில் கேள்விக்கும் பதிலுக்கும் நடுவே சுமார் இரண்டரை நொடி மௌனம் இருக்கும். சிக்னல் போய்வரும் நேரம் அது. 'டல்லா இருக்கு' என்று அதை வெட்டினால் தூரமே போய்விடும். கட்டுப்பாட்டறைக் காட்சிகளும் பெரும்பாலும் ஊமைதான். சுவர்க் கடிகாரம் ஃபிரேமில் தெரியும் ஷாட்டைப் பிடித்து, அந்த நேரத்து ஒலியை எடுத்து, வாயசைவைப் பொருத்த வேண்டும். ஸ்டீபன் ஸ்லேட்டர் இப்படியே பல வருடம் உட்கார்ந்து சேர்த்தவைதான் 2019 படத்தில் பேசுகின்றன.

20 நிமிடப் படத்துக்கு ஒரே பயணம், ஒரே நிகழ்ச்சி எடுங்கள். அப்பல்லோ 11 இறக்கமோ 17 கிளம்பியதோ போதும்.

நிலாமுற்றம்

என் டைம்லைன் 25 ஃபிரேமில் இருக்கிறது. 6-ல் எடுத்ததை அதில் வைத்தால் நான்காவது ஃபிரேம் பக்கம் ஒரு தடுமாற்றம் தெரிகிறதே?

அச்சுமை

25-ஐ 6-ஆல் வகுத்தால் மிச்சம் ஒன்று நிற்கும். மென்பொருள் அந்த ஒன்றை எங்கேயாவது நொடிக்கு ஒருமுறை சொருகும். நீங்கள் பார்ப்பது அதுதான். டைம்லைனை 24-க்கு மாற்றி எல்லா எடிட்டையும் அங்கேயே முடியுங்கள். கடைசியில் 25 கேட்கும் இடத்துக்கு மட்டும் மொத்தப் படத்தையும் 25-ஆக ஓட்டிக் கொடுங்கள். 20 நிமிடம் 19 நிமிடம் 12 நொடி ஆகும், ஒலியின் சுருதி நாலு சதவீதம் ஏறும். சுருதியைத் தனியாகச் சரிசெய்யுங்கள், ஹூஸ்டன் குரலில் பீப் ஒலி வருமே, அதை வைத்துச் சரிபார்க்கலாம்: தொடக்க பீப் 2,525 ஹெர்ட்ஸ், முடிவு பீப் 2,475.